மாமனாரின் பூட்டிய ஃபிரிட்ஜ்

குட்டி யானை வண்டியின் பின்பக்கத்தில் எங்கள் வீட்டு ஃபிரிட்ஜ் நின்றுகொண்டிருந்தது. அதைக் கட்டிப்பிடித்தபடி என் மாமனார் ஒரு பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். வெள்ளை வேட்டி, வெள்ளைச் சட்டை, நெஞ்சுப் பையில் பேனா. ஞாயிற்றுக்கிழமை கோயிலுக்குக் கூட அவர் இவ்வளவு சுத்தமாகப் போனதில்லை.

நான் முன்னால் டிரைவர் பக்கத்தில் இருந்தேன். மடியில் ஸ்பேனர் பை. மாமல்லபுரத்துக்குத் தெற்கே இருக்கிற எங்கள் ஊரிலிருந்து செங்கல்பட்டுக்குப் போகிறோம். வேகத்தடை வரும்போதெல்லாம் பின்னாலிருந்து "மெதுவா, மெதுவா" என்று குரல் வந்தது. அது என் நலன் கருதி வந்த குரல் இல்லை.

திருக்கழுக்குன்றத்தில் மலை சுற்றும் கூட்டம் சாலையை அடைத்திருந்தது. வண்டி நின்றது. மஞ்சள் புடவைக்கார அம்மா ஒருவர் மாமனாரை அண்ணாந்து பார்த்தார்.

"சீரா அண்ணாத்த? பொண்ண எந்த ஊர்ல குடுத்துகிறீங்க?"

"சீரும் இல்ல, ஒண்ணும் இல்ல. மருமவ பரிச்ச எழுதப் போவுது."

"பரிச்சைக்கு ஃபிரிட்ஜ் எதுக்கு?"

"அத்தான் எனக்கும் பிரியல," என்றார் மாமனார்.

அந்த அம்மா என்னையும் ஃபிரிட்ஜையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, எதற்கும் இருக்கட்டும் என்று ஃபிரிட்ஜின் நெற்றியில் கொஞ்சம் விபூதி பூசிவிட்டுப் போனார். நாங்கள் கிறிஸ்தவர்கள். ஃபிரிட்ஜ் என்ன மதம் என்று யாரும் கேட்டதில்லை. மாமனாரும் அதைத் துடைக்கவில்லை.

போன வாரம் இந்தத் தொடரில் என் நாத்தனார் ரூபி அக்கா வீட்டுக் காதுகுத்தைப் பற்றி எழுதியிருந்தேன். அதைப் படித்துவிட்டு அக்கா போன் போட்டு அரை மணி நேரம் திட்டினார். அவர் இந்த வாரமும் வருகிறார். வருத்தப்பட வேண்டாம், அக்கா. இது உண்மை.

செத்தவனுக்குப் பதவி உயர்வு

எங்கள் பக்கத்தில் செத்துப்போன ஃபிரிட்ஜை யாரும் தூக்கிப் போடுவதில்லை. பதவி உயர்வு கொடுத்து பீரோ ஆக்கிவிடுவோம். ஒரு வீட்டில் புடவை இருக்கும், ஒரு வீட்டில் பாடப்புத்தகம். பக்கத்துத் தெருவில் ஒரு ஃபிரிட்ஜைப் படுக்கப்போட்டு அதில் கோழி அடை வைத்திருக்கிறார்கள். குஞ்சு பொரிக்கிறது.

எங்கள் ஃபிரிட்ஜுக்கு ஒரு கூடுதல் தகுதி உண்டு. பழைய மாடல் என்பதால் கதவில் பூட்டு இருந்தது. வீட்டில் பூட்டுகிற மாதிரி இருந்த ஒரே பொருள் அதுதான். அதனால் உள்ளே வீட்டுமனைப் பட்டா இருந்தது.

மாமனாரின் அப்பா ஆயுசு முழுக்க அடுத்தவர் வயலில் நின்றவர். மாமனாரும் பாதி ஆயுசு அப்படித்தான், மீதி ஆயுசு மறைமலைநகரில் ஒரு கம்பெனி கேட்டில் வாட்ச்மேன். அந்தக் குடும்பத்துக்கு முதன்முதலில் கிடைத்த நிலம் இரண்டரை சென்ட். அதற்கான பட்டாவை அவர் பிளாஸ்டிக் கவர் மூன்றில் சுற்றி, முட்டை வைக்கும் தட்டுக்குக் கீழே வைத்திருந்தார். சாவி அவருடைய அரைஞாண் கயிற்றில். குளிக்கும்போதும் அது கழலாது. இதில் சிரிக்க எனக்கு ஒன்றுமில்லை. சிரிப்பு வந்தது வேறு இடத்தில்.

அந்த ஃபிரிட்ஜ் செத்தது நான் கல்யாணமாகி வந்த பதினோராவது நாள்.

"மெக்கானிக் வந்து பாத்துட்டான். கம்ப்ரசர் பூட்ச்சாம். இனிமே தேறாதாம்," என்று மாமனார் அறிவித்தார். அந்த மெக்கானிக்கை யாரும் பார்க்கவில்லை. அப்போது அது யாருக்கும் தோன்றவுமில்லை.

ரூபி அக்கா திருக்கழுக்குன்றத்திலிருந்து அன்றைக்கே பஸ் ஏறி வந்தார். ஃபிரிட்ஜைப் பார்த்தார். என் காலைப் பார்த்தார். "இன்னா ராசிடா இது. இது கால் வச்ச நேரம், ஐஸே எழுந்து ஓடிப்பூட்ச்சு," என்றார்.

அவ்வளவுதான். ஒன்பது வருஷம். பால் திரிந்தால் நான். மோட்டார் ஓடாவிட்டால் நான். வீட்டுக்காரர் ஓட்டுகிற கம்பெனி பஸ் வண்டலூரில் பஞ்சர் ஆனால், நாற்பது கிலோமீட்டர் தள்ளி வீட்டில் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்த நான். அக்கா கெட்டவர் இல்லை. என் பிரசவத்துக்கு இருபது நாள் கூடவே இருந்து பார்த்துக்கொண்டவர். ஆனால் பிள்ளைக்குச் சளி பிடித்ததும், "இதாவது குளிருதே," என்று சொல்லிவிட்டுத்தான் மருந்து தடவினார்.

மாமியார் உடைத்தால் மண்குடம், மருமகள் உடைத்தால் பொன்குடம் என்பார்கள். நான் எதையும் உடைக்கவே இல்லை. அதுதான் எரிச்சல்.

பதினாறு டிகிரியும் இரண்டு கம்பளியும்

நான் அப்போது கடற்கரை ரிசார்ட் ஒன்றில் அறை துடைக்கிற வேலை பார்த்தேன். அங்கே வருகிறவர்கள் ஏசியைப் பதினாறில் வைத்துவிட்டு, போன் செய்து இரண்டு கம்பளி கேட்பார்கள். கொண்டுபோய்க் கொடுப்பேன். ஒருநாள் ஒருவர் மூன்றாவது கம்பளி கேட்டார். அதையும் கொடுத்து, ரிமோட்டை எடுத்து இருபத்தாறு வைத்துவிட்டு வந்தேன். காலையில் அவர் என்னைக் கூப்பிட்டு, இவ்வளவு நல்ல கம்பளியை நான் பார்த்ததே இல்லை என்றார்.

அங்கே ஏசி பார்க்கிறவர்கள் எப்போதும் ஓடிக்கொண்டே இருப்பார்கள். வெளியே வைத்திருக்கும் பெட்டிகள் கடலைப் பார்த்து நிற்கும். உப்புக் காற்று தின்று, தொட்டால் அதன் தகடு அப்பளம் போல நொறுங்கும். ஆள் பற்றாக்குறை. ஒருநாள் மேற்பார்வையாளரிடம், "இத நான் கத்துக்கினா வேல தருவீங்களா?" என்று கேட்டேன். அவர் விளையாட்டுக்குக் கேட்கிறேன் என்று நினைத்து, "மாசக் கடைசிக்குள்ள சர்டிபிகேட்டோட வா. மாப்பைக் கீழ வச்சுட்டு ஸ்பேனர எடு," என்றார்.

மறுநாளே செங்கல்பட்டு பஸ் நிலையத்துக்குப் பின்னால் இருந்த பயிற்சி நிலையத்தில், மூன்று வார வகுப்பில் சேர்ந்தேன். பன்னிரண்டு பேர். பதினொன்று ப்ளஸ் டூ முடித்த பையன்கள். பன்னிரண்டாவது, முப்பத்தாறு வயதில், டிபன் கேரியருடன் நான்.

குளிர் என்று ஒன்று கிடையாது

குணசேகரன் சார் பத்து வருஷம் ஏசி கடை நடத்திவிட்டுச் சொல்லிக்கொடுக்க வந்தவர். முதல் நாள், ஃபிரிட்ஜ் என்றால் என்ன என்று எங்களை எழுதச் சொல்லிவிட்டு, அவர் சொன்ன முதல் வாக்கியமே இதுதான்.

"குளிர்னு ஒரு சரக்கு உலகத்துலயே கிடையாது. சூடு இருக்கு, இல்லன்னா சூடு இல்ல. அவ்ளோதான். ஃபிரிட்ஜ் குளிரைத் தயாரிக்கிற மெஷின்னு எவனாவது எழுதினா எழுந்து வீட்டுக்குப் போயிடணும்."

அப்படி எழுதியிருந்த நாலு பேர் மெதுவாக நோட்டைத் திருப்பினார்கள். நானும் ஒருத்தி.

எனக்கு இது பிடித்துப்போனது. ஃபிரிட்ஜ் செய்கிற வேலை, உள்ளே இருக்கிற சூட்டை வாரி வெளியே கொட்டுவது. ஏசியும் அதேதான். இதற்கு ஏன் இத்தனை படம், இத்தனை அம்புக்குறி? வீடு கூட்டுகிற எந்தப் பெண்ணுக்கும் இது தெரியும். குப்பை அழியாது. உள்ளே இருப்பதை வெளியே தள்ளுகிறோம், அவ்வளவுதான். ஃபிரிட்ஜின் முதுகில் கை வைத்தால் சுடுவதற்குக் காரணம், உள்ளே இருந்த மீனும் தக்காளியும் விட்ட சூடு.

வீட்டுக்குப் போய் வீட்டுக்காரரிடம் "குளிர்னு ஒண்ணு கெடையாதாம்" என்று சொன்னேன். அது மார்கழி. அவர் யோசித்துப் பார்த்துவிட்டு, "அப்ப போர்வைய வுடு," என்றார்.

இரண்டாம் வாரம் சார் எங்களை வைத்தே ஒரு ஃபிரிட்ஜ் செய்தார். கம்ப்ரசர் ஒரு குண்டுப் பையன். அவன் வேலை, கேஸை அழுத்திச் சூடாக்கித் தள்ளுவது. அடுத்து வரிசையாக நின்ற நாலு பேர் கண்டன்சர், முதுகுக் குழாய். அவர்கள் சூட்டை வெளியே விட்டு கேஸைத் திரவமாக்க வேண்டும். ஒல்லியாக இருந்த இரண்டு பேர் கை கோத்து நின்றால் அது கேப்பிலரி, ஊசி போன்ற குழாய். அதில் நெருங்கி நுழைந்து வெளியே வந்ததும் கேஸ் விரிந்து, சூட்டையெல்லாம் உறிஞ்சிக்கொள்கிற இடம் ஃபிரீசர். அது நான்.

கேஸ் யார்? கார்த்தி. ஓடிக்கொண்டே இருக்க வேண்டும்.

கார்த்தி கம்ப்ரசரிடம் அடி வாங்கினான், நாலு பேரிடம் குளிர்ந்தான், இரண்டு பேருக்கு நடுவே நுழைந்தான், என்னிடம் வந்து மூச்சு வாங்கினான். மூன்றாவது சுற்றில் என்னைத் தாண்டி, கதவைத் தாண்டி, எதிரே டீக்கடைக்கு ஓடிவிட்டான்.

"சார், கேஸ் லீக்," என்றது கம்ப்ரசர்.

"எங்க லீக்னு கண்டுபிடிக்காம புது கேஸ் போடக் கூடாது. இத மட்டும் தெரிஞ்சுக்கிட்டாப் போதும், நீங்கல்லாம் மெக்கானிக்," என்றார் சார். அந்த வகுப்பில் நான் ஒழுங்காக எழுதிக்கொண்ட ஒரே வரி அதுதான்.

ஐஸ் வைக்கிற பரீட்சை

அந்த நிலையத்தில் எழுத்துத் தேர்வு பேருக்குத்தான். உண்மையான பரீட்சைக்கு ஒவ்வொருவரும் ஒரு செத்த ஃபிரிட்ஜைக் கொண்டுவர வேண்டும். காலை எட்டு மணிக்கு ஆரம்பம். சாயங்காலம் நாலு மணிக்கு ஒரு டம்ளர் தண்ணீர் ஐஸாகியிருக்க வேண்டும். டம்ளரைக் கவிழ்ப்பார் சார். கொட்டினால் ஃபெயில். ஒட்டி நின்றால் சர்டிபிகேட்.

பதினொரு பையன்களும் செங்கல்பட்டு சுற்றுவட்டாரத்தில் இருந்த காயலான் கடைகளை வழித்து எடுத்துவிட்டார்கள். எனக்கு ஒன்று கூடக் கிடைக்கவில்லை. மாசக் கடைசிக்கு நாலு நாள் இருந்தது. வீட்டுக்கு வந்து, பீரோவைப் பார்த்தேன்.

மாமனார் இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. மூன்றாம் நாள் ஒரு நிபந்தனையோடு வந்தார்.

"நானும் வருவேன். அங்க நான் தொறப்பேன். என் கண்ணு முன்னாலதான் கை வைக்கணும்."

"பட்டாவ எடுத்து என் டிரங்குப் பொட்டில வைங்க மாமா."

"அதுல பூட்டு கீதா?"

இல்லை. அப்படித்தான் அவர் குட்டி யானையில் ஏறினார். பட்டாவுக்காகத்தான் இவ்வளவும் என்று நானும் நம்பினேன்.

சோப்பு நுரை

சார் முன்னிலையில் மாமனார் திரும்பி நின்று, வேட்டி மடிப்புக்குள் கையை விட்டுச் சாவியைக் கழற்றினார். கதவு திறந்ததும் அந்துருண்டை நெடி அறையைத் தூக்கியது. பட்டா, ரேஷன் கார்டு, வீட்டுக்காரரின் பத்தாம் வகுப்பு மார்க் ஷீட், கிறிஸ்துமஸ் ஸ்டார் இரண்டு, குக்கர் விசில் மூன்று. எல்லாவற்றையும் துண்டில் மூட்டை கட்டி மடியில் வைத்துக்கொண்டு மாமனார் ஓரமாக உட்கார்ந்தார்.

நான் மீட்டரை எடுத்தேன். கம்ப்ரசர் செத்திருக்க வேண்டும். மூன்று முனைகளையும் மாறி மாறி சோதித்தேன். மூன்றும் சரியாக இருந்தன. கம்ப்ரசரைக் கிளப்பிவிடும் ரிலே மட்டும் துருப்பிடித்திருந்தது. புதுசு மாட்டி லைனைக் கொடுத்ததும், ஒன்பது வருஷம் செத்துக் கிடந்தது "ம்ம்ம்" என்று முனகியது.

"கம்ப்ரசர் நல்லாத்தானே இருக்கு? எந்த மெக்கானிக்மா போச்சுன்னு சொன்னது?" என்றார் சார்.

நான் மாமனாரைப் பார்த்தேன். அவர் மேலே கூரையைப் பார்த்துக்கொண்டு, "மய வர்ற மாரி கீது," என்றார். வெளியே வெயில் கொளுத்தியது.

கம்ப்ரசர் ஓடுகிறது, குளிரவில்லை. அப்படியென்றால் கேஸ் இல்லை. கேஸ் இல்லையென்றால் எங்கேயோ ஓட்டை. ஓட்டையைக் கண்டுபிடிக்கக் குழாய்க்குள் நைட்ரஜனை ஏற்றினேன். ஸ்பான்ஜில் சோப்பு நுரை எடுத்து அறை துடைப்பது போல ஒரு மூலை விடாமல் முதுகுக் குழாயிலிருந்து தடவிக்கொண்டே வந்தேன். ஒன்றுமில்லை. பத்தரை மணி. பக்கத்தில் இரண்டு பையன்கள் ஏற்கெனவே கேஸ் ஏற்றிக்கொண்டிருந்தார்கள். எனக்கு வியர்த்தது. இன்றைக்கு ஐஸ் வைக்காவிட்டால் திங்கட்கிழமை காலை மறுபடி மாப், ரூபி அக்காவுக்கு இன்னொரு ஒன்பது வருஷம்.

கடைசியாக ஃபிரீசருக்குள் தலையை விட்டுத் தடவினேன். பின்சுவரில், நடு நெஞ்சில், ஒரு நுரை மெல்ல எழுந்தது. உப்பியது. திராட்சை அளவு, எலுமிச்சை அளவு. பட்டென்று உடைந்தது. மறுபடி எழுந்தது.

சார் டார்ச் அடித்துப் பார்த்தார். "இது உப்பு அரிச்சது இல்லம்மா. துருவும் இல்ல. நீட்டா வெட்டு விழுந்திருக்கு. யாரோ கத்தியால குத்தியிருக்காங்க."

பதினொரு பையன்களும் வந்து எட்டிப் பார்த்தார்கள். கொலை நடந்த வீட்டைப் பார்ப்பது போலத்தான் பார்த்தார்கள்.

மாமனாரின் மடியிலிருந்து ஒரு குக்கர் விசில் கீழே விழுந்து உருண்டது.

வஞ்சிரத் தலை

மற்றவர்கள் கலைந்த பிறகு மாமனார் மெதுவாக என் பக்கத்தில் வந்து நின்றார். நான் ஓட்டையை அடைக்க அலுமினியக் குச்சியும் கேஸ் டார்ச்சும் எடுத்திருந்தேன்.

"அத்த கீழ வையி, சொல்றேன்," என்றார்.

வைத்தேன்.

"அன்னிக்கி உங்கப்பா அம்மா வர்றாங்கன்னு சொன்னாங்கல்ல. மொத மொதல்ல சம்மந்தி வூட்டுக்கு வர்றாங்க. நல்லா செய்யணும்னு சதுரங்கப்பட்டினம் போயி வஞ்சிரம் வாங்கினு வந்தேன். தல மட்டும் இந்தா பெருசு. முந்தின நாளே ஐஸ்ல வச்சேன். காலைல பாத்தா சொவுத்தோட ஒட்டிகினு வர மாட்டேங்குது. இயுத்தேன். வரல. நீங்கல்லாம் தூங்கிகினு இருந்தீங்க. கத்தி எட்த்து ஒரு குத்து."

"அப்புறம்?"

"புஸ்ஸுனு ஒரு சத்தம். மூஞ்சில சில்லுனு அட்ச்சிது. பேயினு நென்ச்சிகினேன். பிளக்கப் புடுங்கி, கதவ மூடி, பூட்டிட்டேன்."

"தலை?"

"தல வந்துட்ச்சு. கொயம்புல நீதான துன்ன."

தின்றேன். நன்றாக இருந்தது, அது எனக்கு இன்றைக்கும் ஞாபகம் இருக்கிறது. எனக்கு வந்த கோபத்தை எழுத்தில் எழுத முடியாது. ஒன்பது வருஷம் இந்த மனிதர் என் எதிரே உட்கார்ந்து சோறு தின்றிருக்கிறார். மகள் என் காலைக் குறை சொல்லும்போதெல்லாம் ரசத்தை இன்னும் கொஞ்சம் ஊற்றச் சொல்லியிருக்கிறார். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கிறவர்களைக் கேள்விப்பட்டிருக்கிறேன். இவர் முழு ஃபிரிட்ஜை பீரோவில் மறைத்தவர்.

"ரூபிகிட்ட சொல்லியிருக்கலாமே, மாமா?"

"அது வாய் உனக்குத் தெரியாதா? ஃபிரிட்ஜ வாங்கிக் குட்த்ததே அதான். மொத மாச சம்பளத்துல." தலை குனிந்துகொண்டார். "தப்புதாம்மா. சொல்லணும் சொல்லணும்னு பாத்தேன். நாள் ஆவ ஆவ வாயி வரல."

அழுகையும் வந்தது, சிரிப்பும் வந்தது. இரண்டுக்கும் நேரமில்லை. மணி பதினொன்று.

நாலு மணி

ஓட்டையை அடைத்தேன். முதல் தடவை குமிழி வந்தது, இரண்டாம் தடவை வரவில்லை. சார் வந்து பார்த்து, நான் சொன்ன கதையையும் கேட்டுவிட்டு, "அன்னைக்கே பிளக்கைப் புடுங்கினதாலதான் கம்ப்ரசர் தப்பிச்சுது," என்றார். மாமனார் முகத்தில் கொஞ்சம் பெருமை வந்தது. நான் முறைத்ததும் போய்விட்டது.

ஆயில் மாற்றி, ஃபில்டர் மாற்றி, குழாய்க்குள் இருந்த காற்றையும் ஈரத்தையும் பம்ப் வைத்து உறிஞ்சி எடுக்க ஒன்றரை மணி நேரம் ஆனது. கேஸை ஏற்றினேன். ஃபிரீசரில் வெள்ளை படர்ந்தது. டம்ளரில் தண்ணீர் ஊற்றி வைத்தேன்.

அதற்குப் பிறகு என் முதல் எதிரி மாமனார். ஐந்து நிமிஷத்துக்கு ஒரு தடவை கதவைத் திறந்து விரலை விட்டுப் பார்த்தார்.

"தொறக்காதீங்க மாமா. தொறந்தா சூடு உள்ள போவும்."

"இல்ல, தண்ணி இன்னா பண்ணிகினு கீதுனு பாத்தேன்."

கடைசியில் கார்த்தியை விட்டு அவரை எதிர் டீக்கடைக்கு அனுப்பினேன். துண்டு மூட்டையோடு போனார். நாலு மணிக்கு முன்பே திரும்பி வந்து, கண்ணை மூடிக்கொண்டு உதட்டை அசைத்தபடி நின்றார். நான் பாஸ் ஆக வேண்டும் என்றுதான் ஜெபித்திருப்பார். ஆகக் கூடாது என்று ஜெபித்திருந்தாலும் காரணம் இருந்தது.

சார் டம்ளரை எடுத்தார். கவிழ்த்தார்.

ஓரத்தில் இரண்டு சொட்டு விழுந்தது. மூன்றாவது விழவில்லை. சார் டம்ளரின் முதுகில் தட்டினார். ஐஸ் நகரவில்லை.

"பாஸ்," என்றார். முகர்ந்து பார்த்து, "அந்துருண்டை வாசனை அடிக்குது. பரவால்ல, பாஸ்," என்றார்.

பையன்கள் கை தட்டினார்கள். கடைசியாக ஒரு படிவம் பாக்கி இருந்தது. செய்த வேலை, மாற்றிய பாகம், பழுதுக்கான காரணம் என்று வரிசையாக நான் நிரப்ப வேண்டும். கீழே ஃபிரிட்ஜ் சொந்தக்காரர் கையெழுத்துப் போட வேண்டும்.

காரணத்துக்கு நேரே பேனாவை வைத்துவிட்டு மாமனாரைப் பார்த்தேன். அவர் என்னைப் பார்த்தார். கேஸ் தானாகப் போய்விட்டது என்று எழுதலாம். சார் ஒன்றும் சொல்லமாட்டார். எங்கே லீக் என்று தெரிந்துகொள்ளாமல் புது கேஸ் போடக்கூடாது என்று சொன்னவர்தான், இருந்தாலும் பெரிய மனுஷர் மானம் என்றால் கண்ணை மூடிக்கொள்வார்.

எழுதினேன். "உறைந்த வஞ்சிரத் தலையை எடுக்க, சொந்தக்காரர் ஃபிரீசரைக் கத்தியால் குத்தியது."

மாமனார் படிவத்தை வாங்கி, தூரத்தில் பிடித்து, ஒவ்வொரு எழுத்தாகப் படித்தார். இரண்டு தடவை படித்தார். பிறகு நெஞ்சுப் பையிலிருந்து பேனாவை எடுத்து, பட்டாவுக்குப் போட்டது போலவே நிறுத்தி நிதானமாக, தன் முழுப் பெயரையும் அப்பா பெயரையும் எழுதிக் கையெழுத்துப் போட்டார்.

திருப்பிக் கொடுக்கும்போது மெதுவாக, "இத்த ஜெராக்ஸ் கிராக்ஸ் எடுக்காதம்மா," என்றார்.

மூன்று எடுத்தேன். ஒன்று ரிசார்ட்டுக்கு, ஒன்று எனக்கு. மூன்றாவதைத் திரும்பி வரும் வழியில் திருக்கழுக்குன்றத்தில் வண்டியை நிறுத்தச் சொல்லி, ரூபி அக்கா வீட்டுக் கதவைத் தட்டி, அவர் கையிலேயே கொடுத்தேன். மாமனார் வண்டியை விட்டு இறங்கவில்லை. ஃபிரிட்ஜுக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தார்.